சித்தரோணி என்றொரு வார்த்தை

அந்தப் பெஞ்சுல உக்காராதீங்க சார், ஒரு கால் ஆடுது. காலையில ஒரு ஏட்டு உக்காந்து சரிஞ்சு, அவருக்கே சிரிப்பு வந்துருச்சு. இப்படி வாங்க. பையைக் கீழ வெச்சுக்கறேன், தாராளமா உக்காருங்க. எந்தக் கேஸு நீங்க? சந்திரகாசன் கேஸா? அட, நானும் அதுக்குத்தான் வந்திருக்கேன். பன்னண்டு மணிக்கு மேலதான் கூப்பிடுவாங்களாம். இப்ப பத்தரைதான் ஆகுது. ஃபேனும் ஓடல, பாருங்க.

நான் அரசாங்கத் தரப்பு சாட்சி. சம்மன்ல மாசிலாமணின்னு போட்டிருக்கான். சினிமாவுல என் பேரு நாவரசன். நீங்க கேள்விப்பட்டிருக்க மாட்டீங்க. டப்பிங் படத்துக்கு வசனம் எழுதினவன் பேரை யாரு சார் பாக்கறாங்க, எல்லாரும் முறுக்கு வாங்கப் போயிருப்பாங்க. இங்கிலீஷ் படம், சீனாக்காரன் படம், தெலுங்குப் படம், எல்லாம் சேத்து நூத்தி நாப்பது படம் எழுதியிருக்கேன். ஒரு சால்வை போத்தினதில்ல எவனும்.

என் பொண்ணு மேகலாதான் கூட்டிட்டு வந்தா. ஆதார் ஜெராக்ஸ் வேணும்னு உள்ள கேட்டாங்க, எடுக்கப் போயிருக்கா. எதிர்க்கடையில கரண்ட் இல்லையாம், ரெண்டு தெரு தள்ளிப் போகணும். வந்துருவா. அவ வர்றதுக்குள்ள உங்ககிட்ட கொஞ்சம் மனசு விட்டுப் பேசலாம்னு பாக்கறேன். அவ முன்னாடி இதெல்லாம் பேச முடியாது.

விஷயம் இதுதான். இன்னிக்கு என்கிட்ட ஒரே ஒரு கேள்விதான் கேப்பாங்க. சித்தரோணின்னா என்ன அர்த்தம்? அவ்வளவுதான். அரசாங்க வக்கீலம்மா போன வாரமே கூப்பிட்டுச் சொல்லிட்டாங்க, கேஸே என் பதில்லதான் நிக்குதாம். அர்த்தமே இல்லாத வார்த்தை, ஒரு படத்துக்காக நான் உக்காந்து கட்டினது, இது எனக்கு நல்லாத் தெரியும்னு சொன்னேன்னா சந்திரகாசன் உள்ள போவான். இல்ல, அது நிஜமான விஞ்ஞானம், நான் தமிழ்ப்படுத்தினேன், அவ்வளவுதான்னு சொன்னேன்னா அவன் வெளிய வந்துருவான். எனக்கு ரெண்டுலயும் சிக்கல் இருக்கு. சொல்றேன்.

உங்களுக்கு என்ன, வீட்டுல யாருக்காவது வைத்தியம் பாத்தீங்களா அவன்கிட்ட? பொண்ணா? என்ன செஞ்சுது? வலிப்பா. எத்தனை வயசு? பதினொண்ணு. ச்சு ச்சு. அப்ப அந்தப் புகார் குடுத்தவர் நீங்கதானா! பேப்பர்ல படிச்சேன் சார். அன்னிக்கு எனக்குச் சோறு இறங்கல, நம்புங்க. சரி, நான் எங்க விட்டேன்? ஆங், வார்த்தை.

அவன் மேல மோசடின்னு எழுதியிருக்காங்க, படிக்காம வைத்தியம் பாத்தான்னு எழுதியிருக்காங்க, எல்லாம் சரி. ஆனா அவன் பண்ண முதல் திருட்டு எந்த எஃப்.ஐ.ஆர்.லயும் இல்ல. சித்தரோணிங்கற வார்த்தை என்னுது. அதை எழுதுங்கன்னு ஸ்டேஷன்ல சொன்னேன். இன்ஸ்பெக்டர் பேனாவை மூடி வெச்சுட்டு என்னையே பாத்தார்.

எண்பத்தொம்பதுல ஒரு படம் வந்துச்சு. எந்த நாட்டுப் படம்னே தெரியாது, பேசினது இங்கிலீஷ். தமிழ்ல 'மூளை உறிஞ்சும் ராணி'ன்னு பேரு, அதுவும் நான் வெச்சதுதான். கதைன்னு ஒரு மண்ணும் கிடையாது. ஒரு கிழட்டு விஞ்ஞானி இருப்பான். பியூட்டி பார்லர்ல முடி காயவைக்க ஒரு கவசம் வெச்சிருப்பாங்க பாருங்க, அதுல செம்புக் கம்பியைச் சுத்தி ஆளுங்க தலையில கவுத்துருவான். விசையைத் தட்டினா, மனசுல நினைக்கறது அலையா வெளிய வந்து இரும்பை வளைக்கும், ஆளைக் கொல்லும், தீராத நோயைத் தீக்கும். அந்த மிஷினுக்கு அவன் சொல்ற பேரு சைக்கோட்ரானிக். படம் முழுக்க நாப்பது தடவை சொல்றான், அதுலயும் பாதி க்ளோசப்.

அகராதியில தேடினேன், இல்ல. விநியோகஸ்தரைக் கேட்டேன். "யோவ், பேய்ப்படத்துக்கு எதுக்குய்யா அர்த்தம்? வாய்க்கு ஒத்து வந்தாப் போதும்"னுட்டார்.

வாய்க்கு ஒத்து வர்றதுன்னா லேசுப்பட்ட வேலை இல்ல சார். ப, ம ரெண்டும் வந்தா உதடு ஒட்டும். திரையில வெள்ளைக்காரன் வாயைத் தொறந்து வெச்சிருக்கும்போது நம்ம ஆளு 'ம'ன்னு சொன்னா, தரை டிக்கெட்காரன்கூடக் கண்டுபிடிச்சு விசிலடிப்பான். சைக்கோட்ரானிக்ல உதடு ஒட்டவே இல்ல, நீங்களே சொல்லிப் பாருங்க. நான் முதல்ல 'மனோசக்தி'ன்னு எழுதினேன், உதைச்சுது. 'மனமின்னி'ன்னு எழுதினேன், அது அதுக்கு மேல உதைச்சுது.

வீட்டுல வீடியோ டெக் வாடகைக்கு எடுத்து, சத்தத்தை நிறுத்திட்டு, போட்டுப் போட்டுப் பாப்பேன். எனக்கு லிப் பாக்கறது என் வீட்டுக்காரி. தையல்நாயகின்னு பேரு. ஏழாங்கிளாஸ்தான் படிச்சவ, ஆனா உதட்டு விஷயத்துல அவளை அடிச்சுக்க ஆளில்ல. அடுப்படியில உக்காந்து வெங்காயம் உரிச்சுக்கிட்டே டி.வி.யைப் பாப்பா. "ஏங்க, அவன் வாய் இங்க வட்டமாகுது, உங்களுது தட்டையா கிடக்கு"ம்பா. கரெக்டா இருக்கும். அன்னிக்கு நான் சித்தம்னு ஆரம்பிச்சேன். கடைசி 'ம்' ஒட்டுதுன்னு அதை வெட்டிட்டேன். சித்த. அதுக்கு ஒரு வால் வேணும், வாய் குவிஞ்சு விரியற மாதிரி. அவ விளையாட்டுக்கு, "ரோணின்னு போடுங்களேன்"ன்னா. ரோணின்னா என்னடின்னேன். "யாருக்குத் தெரியும், வாய்க்கு ஒத்து வருதுல்ல"ன்னு சொல்லிட்டு கெக்கெக்கேன்னு சிரிச்சா. சித்தரோணி. அப்படியே ஒட்டிக்கிச்சு சார். இந்த மாதிரி ஒரு வார்த்தையைப் படைக்கறதுக்கு ஒரு இது வேணும். எனக்கு அது அமைஞ்சிருந்துச்சு.

அந்தக் கிழவனுக்குக் குரல் குடுத்தவன்தான் சந்திரகாசன். அப்ப முப்பது வயசு, ஒல்லிக்குச்சி. ஆனா குரல் கிணத்துக்குள்ளேர்ந்து வர்ற மாதிரி வரும். ஒரு சீன்ல கிழவன் முதுகைக் காட்டிட்டு நிக்கறான். உதட்டுக் கவலை இல்லையா, நான் இஷ்டத்துக்கு எழுதினேன். 'மருந்து உன் உடம்பைத் தொடும். சித்தரோணி உன்னைத் தொடும்.' ஒரே டேக்குல சொன்னான். சவுண்ட் இன்ஜினியர் ஹெட்போனைக் கழட்டிட்டு வந்து கையைக் குலுக்கினார். என் கையை சார். அவன் கையை இல்ல.

படம் பதினோரு நாள்கூட ஓடல. எல்லாரும் மறந்துட்டாங்க, நானே மறந்துட்டேன்னு வெச்சுக்கங்க. இருபது வருஷம் போச்சு. டப்பிங் வேலையும் வத்திப் போச்சு. ஒரு நாள் தாம்பரம் பக்கம் ஒரு கல்யாணத்துக்குப் போறேன், பஸ் ஜன்னல்லேர்ந்து பாத்தா பெரிய போர்டு. 'சித்தரோணி சிகிச்சை நிலையம். பதினெண் சித்தர்கள் மறைத்து வைத்த பேராற்றல். டாக்டர் சந்திரகாசன்.' எனக்கு எப்படி இருந்திருக்கும், சொல்லுங்க! நான் பெத்த பிள்ளையை அடுத்தவன் இடுப்புல பாத்த மாதிரி இருந்துச்சு. கல்யாணமாவது ஒண்ணாவது, அங்கயே குதிச்சுட்டேன்.

சித்தர்களாம்! வெள்ளைக்காரன் வாய் தொறந்திருந்துச்சேன்னு நான் 'சித்த'ன்னு வெச்சேன். பதினெட்டு சித்தர்ல ஒருத்தர்கூட எங்க டப்பிங் தியேட்டர் பக்கம் வரல.

உள்ள போனா முப்பது பேரு காத்துக்கிட்டிருக்காங்க. கைக்குழந்தையோட, ஆஸ்பத்திரிப் பையோட. அவன் என்ன பண்ணியிருந்தான்னா, அதே பார்லர் கவசம், அதே செம்புக் கம்பி, ஒரு பழைய ஸ்டெபிலைசர் பெட்டி, அதுல ஒரு முள்ளு ஆடும். நோயாளி காதுல ஹெட்போன். திரைக்குப் பின்னாடி மைக்கைப் பிடிச்சுக்கிட்டு, எக்கோ வெச்சுப் பேசறான். என் வசனம் சார்! வரிக்கு வரி என் வசனம். ஒரு சொல்லை மாத்தல. மாத்தினா குட்டு வெளிப்பட்டிருமேங்கற பயம் இல்ல, மாத்தறதுக்கு அவனுக்கு எழுத வராது.

சட்டையைப் பிடிச்சிரணும்னுதான் போனேன். ஆனா அவன் திரையை விலக்கிட்டு வந்து, என்னைப் பாத்தான், ஒரு நொடி யோசிச்சான், அப்படியே நெடுஞ்சாண்கிடையா என் கால்ல விழுந்துட்டான். முப்பது பேர் முன்னாடி. "இவர்தான் என் குரு. இந்த மகா சொல்லை எனக்குத் தந்தவர் இவர்தான்"ங்கறான், அந்தக் குரல்ல. முப்பது பேரும் எந்திரிச்சு நின்னாங்க. ஒரு வயசான அம்மா வந்து என் காலைத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிச்சு. நூத்தி நாப்பது படம் எழுதினவன் காலை ஒருத்தரும் தொட்டதில்ல சார். நானும் மனுஷன்தானே.

அடுத்த வாரமே என் போட்டோவைப் பெருசு பண்ணி, நுழைஞ்சவுடனே தெரியற மாதிரி மாட்டிட்டான். கீழ 'சித்தரோணியை உலகுக்குத் தந்த அறிஞர் நாவரசன்'. நான் கேட்டது அது ஒண்ணுதான். வேற எதுக்கும் அவன்கிட்ட கை நீட்டினதில்ல. வியாழக்கிழமை வியாழக்கிழமை போவேன், ஒரு நாற்காலி போட்டிருப்பான், உக்காந்திருப்பேன். காபி குடுப்பாங்க. அவ்வளவுதான் எனக்கும் அவனுக்கும்.

நீங்க பாத்தீங்களா அந்தப் போட்டோவை? பாத்தீங்களா! கறுப்புக் கோட்டு போட்டு, கையில புஸ்தகத்தோட. கோட்டு ஸ்டுடியோக்காரனுது. நல்லா விழுந்திருந்தேன் இல்ல?

என்ன சொல்றீங்க? அதைப் பாத்துட்டுதான் உங்க வீட்டம்மாவுக்கு நம்பிக்கை வந்துச்சா? படிச்சவர் மாதிரி தெரியுதுன்னு பொண்ணையும் கும்பிடச் சொன்னாங்களா.

சார், அவங்க கும்பிட்டா நான் என்ன பண்றது? நான் ஊசி போட்டேனா? மாத்திரையைத் தூக்கி எறியச் சொன்னேனா? அதெல்லாம் அவன் பண்ணது. நான் வசனம் எழுதினவன். படத்துல கொலைகாரனுக்கும்தான் வசனம் எழுதினேன், அதுக்காக என்னைத் தூக்குல போடுவாங்களா? சும்மா கேக்கறேன். மாத்திரையை நிறுத்தச் சொன்னப்ப அவன் என்ன சொன்னான், ஞாபகம் இருக்கா? பாருங்க, அதேதான்! மருந்து உன் உடம்பைத் தொடும். நடுவுல கொஞ்சம் நிறுத்தித்தானே சொன்னான்? நான்தான் அங்க நிறுத்தணும்னு சொல்லிக் குடுத்தேன், அன்னிக்கு, தியேட்டர்ல.

ஐயோ, மன்னிச்சுக்கங்க சார். பழக்க தோஷம். தண்ணி குடிக்கறீங்களா? பாட்டில் இருக்கு. வேண்டாமா, சரி.

உங்களுக்கு மட்டும்தான் நடந்துச்சுன்னு நினைக்காதீங்க. எனக்கும் நடந்துச்சு. அவன் ஆரம்பிச்ச நாலாவது வருஷம், தையல்நாயகிக்கு மார்ல ஒரு கட்டி. சுண்டைக்காய் அளவு. அவளா பஸ் ஏறி கவர்மெண்ட் ஆஸ்பத்திரிக்குப் போய்க் காட்டிட்டு வந்துட்டா. என்கிட்ட சொல்லாமலே! அங்க ஒரு டாக்டரம்மா, சின்ன வயசு. "நல்லவேளை சீக்கிரம் வந்தீங்க, எடுத்துட்டா சரியாப் போயிரும். வர்ற புதன்கிழமை வந்து அட்மிட் ஆயிருங்க"ன்னு சீட்டு எழுதிக் குடுத்துட்டாங்க. இவ செவ்வாய்க்கிழமை சாயங்காலம் பையை எடுத்து வெச்சா. ரெண்டு சேலை, ஒரு தட்டு, டம்ளர், ஒரு துண்டு. அதைப் பாத்துட்டுதான் எனக்கு விஷயமே தெரியும்.

நான் போக வேண்டாம்னேன்.

பொறுங்க, நீங்க என்ன நினைக்கறீங்கன்னு தெரியுது. என் இடத்துலேர்ந்து யோசிங்க. அங்க என் போட்டோ மாட்டியிருக்கு. உலகுக்குத் தந்த அறிஞர்னு போட்டிருக்கு. அந்த அறிஞர் தன் பொண்டாட்டியை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனா நாலு பேர் என்ன பேசுவாங்க? வியாழக்கிழமை நான் எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டு அந்த நாற்காலியில உக்காருவேன்? சந்திரகாசன்கிட்ட போன் பண்ணிச் சொன்னேன். "அண்ணியைக் கூட்டிட்டு வாங்கண்ணே, ஜனங்களுக்கும் நம்பிக்கை வரும்"னான். அதுவும் நியாயமாத்தான் பட்டுச்சு எனக்கு.

அவ அடுப்படியில நின்னுக்கிட்டிருந்தா. என்னைத் திரும்பிப் பாத்துச் சொன்னா, "ஏங்க, ரோணி நான் சொன்னதுங்க. வெங்காயம் உரிச்சுக்கிட்டு இதே இடத்துல உக்காந்து சொன்னேன். அதுவா என்னைக் குணப்படுத்தும்?"

எனக்குச் சுருக்குன்னு ஆயிருச்சு. ஆனா விட்டுக்குடுக்கல. "பைத்தியமே, வார்த்தை பொறக்கும்போது ஒண்ணுமில்லாமத்தான் இருக்கும். ஆயிரம் பேர் நம்பி நம்பி அதுக்குள்ள சக்தி ஏறிடும். நம்ம ரெண்டு பேருக்கும் தெரியாமலே நிஜத்தைத்தான் சொல்லியிருக்கோம்"னேன். எவ்வளவு அழகா வந்துச்சு பாருங்க, யோசிக்காமலே. அவ கொஞ்ச நேரம் என் வாயையே பாத்துக்கிட்டிருந்தா. அப்புறம் பையைப் பிரிச்சு சேலை ரெண்டையும் எடுத்து பீரோவுல வெச்சுட்டா. தட்டைக் கழுவி அலமாரியில கவுத்தா. அப்படின்னா ஒத்துக்கிட்டான்னுதானே அர்த்தம்? புடிக்கலன்னா வாயைத் தொறந்து சொல்லியிருக்கலாமில்ல?

ஏழு மாசம் வியாழக்கிழமை தவறாம கூட்டிட்டுப் போனேன். எல்லாரும் பாக்கற மாதிரி முன் வரிசையில உக்கார வெச்சு கவசத்தைக் கவுப்பான். "அறிஞரோட துணைவியாரே வந்திருக்காங்க"ன்னு மைக்குல சொல்வான். ஒரு நாள் கவசத்துக்குள்ளேர்ந்து சிரிப்புச் சத்தம் கேட்டுச்சு. வெளிய வந்ததும் என்னடின்னு கேட்டா, "திரைக்குப் பின்னாடி பேசறானா, லிப் பாக்க முடியல"ங்கறா. அந்த உடம்போட அவளுக்குக் கேலி வேற. அவ அப்படித்தான் சார், எதையும் பெருசா எடுத்துக்க மாட்டா.

அஞ்சாவது மாசம் புண்ணாச்சு. துணி மாத்தி மாத்தி வெச்சுக்குவா. வீட்டுல ஊதுவத்தி ஏத்தி வெப்பா, எனக்கு வாடை தெரியக்கூடாதுன்னு. ஏழாவது மாசம் மூச்சு விட முடியல. அப்பத்தான் அதே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடினேன். அதே டாக்டரம்மா. திட்டவே இல்ல சார். பழைய சீட்டை வாங்கித் தேதியைப் பாத்தாங்க, என்னைப் பாத்தாங்க, சீட்டைத் திருப்பிக் குடுத்துட்டாங்க. திட்டியிருந்தா நல்லாருந்திருக்கும். இருபது நாள்ல போயிட்டா. எனக்கு நாப்பத்தோரு வருஷமா எல்லாத்தையும் பாத்துக்கிட்டவ. இப்பவும் ஏதாவது எழுதினா, லிப் சரியா இருக்கான்னு கேக்கத் திரும்பறேன். யாருமில்ல.

போட்டோவா? இல்ல, எடுக்கச் சொல்லல. ஏன்னா... தோணல. மாட்டினவன் அவன், எடுக்கறதும் அவன் பொறுப்புதானே? அதுவுமில்லாம அப்ப எனக்கு இருந்த துக்கத்துல போட்டோவை யாரு நினைச்சா? உங்க பொண்ணு போனது போன வருஷமா? அப்ப இவ போய் அஞ்சு வருஷம் ஆயிருந்துச்சு. ஆமா. அஞ்சு வருஷம் அங்கயேதான் தொங்கியிருக்கு.

அப்படி முறைக்காதீங்க சார். இப்ப என் சிக்கலைக் கேளுங்க.

தையல்நாயகி படுத்திருந்தப்ப மேகலா மஸ்கட்ல இருந்தா, புருஷனோட. மாசமா வேற இருந்தா. நான் போன்ல, "டாக்டர் ஆபரேஷன் வேண்டாம்னுட்டாரும்மா"ன்னு சொன்னேன். எந்த டாக்டர்னு அவ கேக்கல, நானும் சொல்லல. கடைசி பத்து நாள்தான் வந்து பாத்தா. அப்புறம் எல்லாம் தெரிஞ்சு, பேயாட்டம் ஆடினா. ரெண்டு வருஷம் என் முகத்துலயே முழிக்கல. நான் போய் அவ வீட்டு வாசல்ல நின்னேன். "நானும் ஏமாந்துட்டேன்டி. அது வெளிநாட்டு விஞ்ஞானம்னு நம்பினேன். தெரிஞ்சிருந்தா உங்கம்மாவை அனுப்பியிருப்பேனா?"ன்னு அழுதேன். அதுக்கப்புறம்தான் உள்ள விட்டா. இப்ப அவ வீட்டுலதான் இருக்கேன். வேளாவேளைக்குச் சோறு, ராத்திரி கால் வலிச்சா தைலம் தேச்சு விடுவா. பாவம் எங்கப்பா, அவரும் ஏமாந்தவர்னு எல்லார்கிட்டயும் சொல்வா. இப்ப நான் கூண்டுல ஏறி, அது அர்த்தமில்லாத வார்த்தை, எனக்கு அன்னிக்கே தெரியும்னு சொன்னா, உள்ள உக்காந்திருக்கற அவ கேக்க மாட்டாளா? அறுபத்தொம்பது வயசுல நான் எங்க சார் போவேன்?

சந்திரகாசன் தரப்புலேர்ந்து ஒரு ஜூனியர் வக்கீல் போன வாரம் வீட்டுக்கு வந்தான், மேகலா இல்லாத நேரமா. ஒரு கத்தைக் காகிதம் குடுத்தான். சைக்கோட்ரானிக்ங்கறது நிஜமாவே ஒரு வார்த்தையாம் சார்! ஐரோப்பாவுல ஐம்பது வருஷம் முன்னாடி பெரிய பெரிய ஆளுங்க கூடி மாநாடே போட்டிருக்காங்க. மனசோட சக்தியை மிஷின்ல பிடிக்கலாம்னு. மத்த விஞ்ஞானிங்க ஒத்துக்கல, அது வேற. இன்னொரு காகிதத்துல பாத்தா, அமெரிக்காவுல நம்ம 'ராணி' மாதிரி மட்டமான பேய்ப்படம், கிறுக்குப்படம் எல்லாத்துக்கும் சேத்து அதே பேரை வெச்சு, அதைத் தேடித் தேடிப் பாக்கற கூட்டமே இருக்காம். ஒரு பக்கம் விஞ்ஞானம், ஒரு பக்கம் பேய்ப்படம், ரெண்டுக்கும் ஒரே பேரு. எனக்குச் சிரிப்பு தாங்கல. அந்த ஜூனியர் சொன்னான், "ஐயா, நீங்க முதல் காகிதத்தை மட்டும் காட்டுங்க. மொழிபெயர்ப்புதான் பண்ணேன்னு ஒரு வரி சொல்லுங்க. நீங்களும் தப்பிச்சுருவீங்க"ன்னு.

அப்படியே சொல்லிரலாம்னு முடிவு பண்ணிட்டேன். ஆனா வயித்தெரிச்சல் என்னன்னா, மொழிபெயர்ப்புன்னு சொல்லிட்டா அந்த வார்த்தை என்னுது இல்லன்னு ஆயிருது. கோர்ட்டு ரெக்கார்டுல ஏறிடும். நான் படைச்ச ஒரே வார்த்தை சார். ராத்திரியெல்லாம் தூக்கமில்ல எனக்கு.

என்ன கேட்டீங்க? ஆமா, அவன் வெளிய வந்துருவான்தான். மறுபடி போர்டு மாட்டுவானா? மாட்டுவான், மாட்டாம என்ன பண்ணுவான், அவனுக்கு வேற தொழில் தெரியாது. போட்டோவைக் கண்டிப்பா எடுக்கச் சொல்லிடறேன், போதுமா?

இதென்ன கேள்வி சார்? அடுப்படியில அவங்கம்மா சொன்னது மேகலாவுக்குத் தெரியுமான்னா? தெரியாது. எப்படித் தெரியும்? நான் யார்கிட்டயும் சொன்னதில்ல, உங்ககிட்டதான் முதல்ல வாயைத் தொறந்திருக்கேன். எங்கயோ பாத்த மனுஷன், நமக்குள்ள இருக்கட்டும். ஏன் எந்திரிக்கறீங்க? கூப்பிடல இன்னும், மணி பதினொண்ணே காலுதான். உக்காருங்க.

அதோ மேகலா வந்துட்டா. வாம்மா, கிடைச்சுதா ஜெராக்ஸ்? வேர்த்துக் கொட்டுதே, இங்க வந்து உக்காரு. இவர்தாம்மா புகார் குடுத்தவர். அந்தச் சின்னப் பொண்ணோட அப்பா. சும்மா பேசிக்கிட்டிருந்தோம். சார், உக்காருங்க. எதுக்கு அவகிட்ட... சார்! சார், வேண்டாம் சார். உங்க கையைப் பிடிச்சுக் கேட்டுக்கறேன்.

என்னம்மா? அவர் பேசறதைக் காதுல வாங்காத. குழந்தை போன துக்கம், என்னென்னவோ பேசறார். எந்த அடுப்படி? யார் சொன்ன ரோணி? இங்க பாரு, எல்லாரும் திரும்பிப் பாக்கறாங்க. காகிதத்தைக் கீழ போடாத, இந்தா. உக்காரு. சொல்றேன், உக்காரு முதல்ல.

அழாத. உங்கம்மாதான் ஆபரேஷன் வேண்டாம்னு ஒத்தக் கால்ல நின்னா. உடம்புல கத்தி படக்கூடாதுன்னுட்டா. நான் பையெல்லாம் எடுத்து வெச்சேன்மா, ரெண்டு சேலை, தட்டு, டம்ளர், எல்லாம். அவதான் பிரிச்சுட்டா. எவ்வளவோ கெஞ்சினேன், அவ பிடிவாதம் உனக்குத் தெரியாதா? உன்மேல சத்தியம். சார், நீங்களே சொல்லுங்க. இவ்வளவு நேரம் அதைத்தானே உங்ககிட்ட சொல்லிக்கிட்டிருந்தேன்?